யூசோ கோஷிரோ: சிப்புக்குள் இறங்கி இசை எழுதியவர்

1991இல் செகா நிறுவனத்தின் மெகா டிரைவ் கருவிக்கு ஒரு தெருச்சண்டை கேம் வந்தது. ஜப்பானில் அதன் பெயர் பேர் நக்கிள், வெளிநாடுகளில் ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ். செகாவின் உரிமை அறிவிப்போடு திரையில் இன்னொரு வரியும் வந்தது. இசையின் உரிமை யூசோ கோஷிரோவுக்கு என்றது அந்த வரி. அப்போது அவருக்கு வயது 23.

அன்றைய ஜப்பானிய கேம் உலகில் இது சாதாரண விஷயமே இல்லை. இசையமைப்பாளர்களில் பெரும்பாலானோர் நிறுவனத்தின் மாதச் சம்பளக்காரர்கள். நல்ல ஆளைப் போட்டி நிறுவனம் கொத்திக்கொண்டு போய்விடும் என்ற பயத்தில், கேம் முடிந்ததும் ஓடுகிற பெயர்ப் பட்டியலில் கூடப் பலருக்குச் சொந்தப் பெயர் கிடைக்காது, புனைபெயரைத்தான் போடுவார்கள். இசை நிறுவனத்தின் சொத்து, அவ்வளவுதான். விதிவிலக்குகள் உண்டு. 1986இல் டிராகன் குவெஸ்ட் கேமுக்கு இசையமைத்த கொய்ச்சி சுகியாமாவின் பெயர் ஊரறிந்தது. ஆனால் அவர் கேமுக்குள் வரும்போதே ஐம்பது வயதைத் தாண்டியவர், தொலைக்காட்சியிலும் பாப் இசையிலும் நிலைபெற்றவர். சோனிக்கின் முதல் கேமுக்கு இசையமைத்த மசாட்டோ நாகமுரா, டிரீம்ஸ் கம் ட்ரூ என்ற புகழ்பெற்ற பாப் குழுவைச் சேர்ந்தவர். வெளியே சம்பாதித்த பெயரோடு வந்தவர்களிடம் நிறுவனங்கள் இறங்கிப் பேசின. பள்ளிக்கூடம் முடித்துச் சில ஆண்டுகளே ஆன ஒரு இளைஞரிடம் செகா ஏன் இறங்கிப் பேச வேண்டும்?

கோஷிரோவைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் அவருடைய மெட்டுகளைச் சுற்றியே போகிறது. மெட்டுகள் அருமையானவைதான், அதில் தகராறில்லை. ஆனால் அவருடைய வாழ்க்கைப் பாதையைப் புரிந்துகொள்ள அவர் கையில் இருந்த கருவியைப் பார்க்க வேண்டும். இசையைச் சிப் புரிந்துகொள்ளும் வடிவத்தில் தானே எழுதினார். எழுதுவதற்கான மென்பொருளையும் தானே தன் தேவைக்கு ஏற்ப வடித்துக்கொண்டார். பேரம் பேசுகிற பலம் அங்கிருந்து வந்தது என்பது என் கணிப்பு. அவர் இசையின் குணமும் அங்கிருந்துதான் வந்தது.

கோஷிரோ 1967 டிசம்பரில் தோக்கியோவின் ஹினோ பகுதியில் பிறந்தார். தாய் தோமோ கோஷிரோ பியானோ கலைஞர். மூன்று வயதில் தாயிடமே பியானோ, ஐந்து வயதில் வயலின், பிறகு செல்லோ. எட்டு வயதில் கற்றுக்கொள்ளப் போனது ஜோ ஹிசாய்ஷியிடம். மியாசாகியின் அனிமேஷன் படங்களால் இன்று உலகமே அறிந்த அதே ஹிசாய்ஷிதான். அப்போது அந்தப் படங்கள் எதுவும் வந்திருக்கவில்லை. மேற்கத்தியச் செவ்வியல் இசையில் இவ்வளவு ஆழமாகக் கால் ஊன்றிய பையன், பதின்ம வயதில், காசு போட்டு கேம் ஆடும் ஆர்கேட் கடைகளின் இரைச்சலில் மயங்கினான். கிரேடியஸ், ஸ்பேஸ் ஹேரியர் போன்ற கேம்களின் இசை அவனைப் பிடித்துக்கொண்டது. கேம் இசையைத் தனியாக உட்கார்ந்து கேட்கலாம் என்ற எண்ணமே அப்போதுதான் ஜப்பானில் முளைத்திருந்தது. நாம்கோ நிறுவனத்தின் ஆர்கேட் ஒலிகளைத் தொகுத்து இசைக்கலைஞர் ஹருவோமி ஹொசோனோ இசைத்தட்டாக வெளியிட்டது 1984இல்.

வீட்டில் இருந்த கணினி என்இசி நிறுவனத்தின் பிசி-8801. ஆர்கேடில் கேட்டதைக் காதாலேயே பிரித்து, அந்தக் கணினியில் மறுபடி ஒலிக்கவைப்பதுதான் பள்ளி நாட்களின் பொழுதுபோக்கு. அன்றைய கணினி இதழ்கள் வாசகர்கள் அனுப்பும் நிரல்களைப் பக்கம் பக்கமாக அச்சிடும். வாங்கியவர்கள் அதைப் பார்த்துத் தட்டச்சு செய்து ஓட்டிப் பார்ப்பார்கள். மைகான் பேசிக் மேகசினில் கேம் இசை நிரல்களை எழுதியவர்களில் ஒய்கே-2 என்ற புனைபெயரும் உண்டு. அது கோஷிரோ.

இசையைத் தட்டச்சு செய்வது எப்படி என்று கொஞ்சம் நின்று பார்ப்போம். எம்எம்எல் என்று சுருக்கமாக அழைக்கப்படும் நிரல் முறையில் சி, டி, இ, எஃப், ஜி, ஏ, பி என்ற எழுத்துகளே சுரங்கள். எழுத்துக்குப் பக்கத்தில் போடும் எண் அந்தச் சுரத்தின் நீளம். 4 என்றால் கால், 8 என்றால் அரைக்கால், 16 என்றால் வீசம். ஸ்தாயிக்கு ஓர் எழுத்தும் எண்ணும், ஒலி அளவுக்கு இன்னொன்று, வேகத்துக்கு இன்னொன்று. சரிகமபதநியை நோட்டில் எழுதிப் பாடம் செய்தவர்களுக்கு இந்த வரிகள் அவ்வளவு அந்நியமாகத் தெரியாது. ஒரு சேனலுக்கு, அதாவது சிப் எழுப்பும் ஒரு தனிக்குரலுக்கு, ஒரு வரிசை, எல்லா வரிசைகளும் ஒரே நேரத்தில் ஓடும். அதனால் இசையமைப்பாளர் தலைக்குள் எல்லாக் குரல்களையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்திவைக்க வேண்டும். எதிர்க்குரல் எழுதும் செவ்வியல் பயிற்சி இங்கே நேரடியாகக் கைகொடுக்கும்.

சுரத்தை எழுதினால் போதாது, அதை எந்த வாத்தியம் வாசிக்கிறது என்பதையும் எழுத வேண்டும். எஃப்எம் தொகுப்பொலி என்ற நுட்பம் இங்கேதான் வருகிறது. ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தில் ஜான் சௌனிங் 1960களின் பிற்பகுதியில் கண்டறிந்தது அது. யமஹா அதன் உரிமத்தைப் பெற்று 1983இல் டிஎக்ஸ்7 கீபோர்டாக உலகம் முழுக்கப் பரப்பியது. அடிப்படை இதுதான். ஓர் ஒலியலையின் அதிர்வெண்ணை இன்னோர் அலை ஆட்டுகிறது. மெதுவாக ஆட்டினால் குரல் அசைவதுபோல் கேட்கும். நொடிக்கு நூற்றுக்கணக்கான முறை ஆட்டினால், காது அதை அசைவாகக் கேட்பதில்லை, புதிய ஒரு நாதமாகக் கேட்கிறது. மணி, உலோகம், தடித்த பேஸ் எனும் தாழ்சுர ஒலி, கண்ணாடி போன்ற மின்பியானோ என்று எத்தனையோ நாதங்கள் இப்படிப் பிறக்கும்.

கேம் கருவிகளுக்குள் போன யமஹா சிப்புகள் பலவற்றில் ஒரு குரலுக்கு நான்கு அலைகள். யார் யாரை ஆட்டுவது என்பதற்கு எட்டு விதமான இணைப்புகள். ஒவ்வோர் அலையும் எவ்வளவு வேகத்தில் எழ வேண்டும், எங்கே தணிய வேண்டும், எவ்வளவு நேரத்தில் அடங்க வேண்டும், அடிப்படைச் சுரத்தைப் போல எத்தனை மடங்கில் அதிர வேண்டும் என்று அலைக்கு ஒன்பது எண்கள். பொது அமைப்புகள் இரண்டையும் சேர்த்தால் ஒரே ஒரு வாத்தியத்துக்கு 38 எண்கள். ஓர் எண்ணைச் சற்று மாற்றினால் புல்லாங்குழல் போல ஒலித்தது தகரம் போல ஒலிக்கும். எந்த எண் எதைச் செய்யும் என்று முன்கூட்டியே ஊகிப்பது கடினம், கை பழக வேண்டும். அந்தப் பழக்கத்தைப் பள்ளி வயதிலேயே பெற்றவர் கோஷிரோ.

நிஹோன் ஃபால்காம் நிறுவனத்துக்கு அவர் தன் இசையை அனுப்பினார். சனடு கேமின் தொடர்ச்சியான சினாரியோ 2இல், 1986இல், பொழுதுபோக்காக எழுதி வைத்திருந்த மெட்டுகள் பல பயன்பட்டன. அடுத்து ஈஸ், சோர்சேரியன், ஈஸ் 2. எல்லாம் 1987, 88க்குள். ஈஸ் தொடரின் இசையில் மியெக்கோ இஷிகாவாவின் பங்கும் பெரிது. அவரை விட்டுவிட்டுக் கோஷிரோவை மட்டும் பேசுவது நியாயமாகாது. நகரத்தை விட்டு வெளியேறி வெட்டவெளியில் காலடி வைக்கும்போது ஈஸில் ஒலிக்கும் மெட்டைக் கேளுங்கள். எஃப்எம் சேனல்கள் மூன்று, எளிய சதுர அலைச் சேனல்கள் மூன்று, அவ்வளவுதான் அந்தக் கணினியின் சிப்பில் இருந்தது. அதற்குள் ராக் இசைக்குழுவின் வேகமும் பரோக் இசையின் ஓடுகிற பேஸும் ஒன்றாக நிற்கின்றன. அந்த இசையை அவர் எழுதியது இருபது வயதுக்கு முன்பு.

ஃபால்காமில் எழுதிய இசை ஃபால்காமின் சொத்தாகவே இருந்தது. அங்கிருந்து விலகித் தனித்து இயங்கத் தொடங்கினார். அவர் பேசிக் நிரல்மொழியை அடித்தளமாக வைத்துத் தனக்காகத் திருத்தி வைத்திருந்த எம்எம்எல் கருவியை முகாம்88 என்ற பெயரில் பலரும் அறிவார்கள். 1988இல் போத்டெக் நிறுவனத்தின் தி ஸ்கீம் கேமில், பிசி-8801க்குப் புதிதாக வந்திருந்த மேம்பட்ட ஒலிப் பலகையை அதைக்கொண்டு கரை கண்டார்.

அதே ஆண்டு அக்டோபரில் ஜப்பானில் மெகா டிரைவ் வெளிவந்தது. அதன் ஒலிச் சிப் ஒய்எம்2612, யமஹாவின் அதே ஓபிஎன் குடும்பத்தைச் சேர்ந்தது. பிசி-8801இல் இருந்த சிப்புக்கு நெருங்கிய உறவு. அதே நான்கு அலைகள், அதே எட்டு இணைப்புகள், ஏறத்தாழ அதே எண்கள். ஒரு புதிய கருவி சந்தைக்கு வந்தபோது, அதன் ஒலிச் சிப்பை ஏற்கெனவே பல ஆண்டுகள் கரைத்துக் குடித்திருந்த ஒருவர் வெளியே சுதந்திரமாக உட்கார்ந்திருந்தார். வழக்கமான இசையமைப்பாளர் தாளிலோ கீபோர்டிலோ எழுதிக் கொடுப்பார், ஒலி நிரலர் அதை எண்களாக மாற்றுவார், மாற்றத்தில் ஏதோ ஒன்று தொலையும். கோஷிரோ இரண்டு வேலையையும் தானே செய்தார். செகாவுக்கு இதைவிட வசதியான ஆள் கிடைத்திருக்க முடியாது. முதல் வேலை 1989இன் தி சூப்பர் ஷினோபி, மேற்கில் தி ரிவெஞ்ச் ஆஃப் ஷினோபி. ஜப்பானிய மரபு இசையின் சாயலும் நடன இசையின் தாளமும் கலந்த அந்த இசைதான் மெகா டிரைவால் என்ன முடியும் என்று முதலில் காட்டியவற்றுள் ஒன்று.

அவருடைய பாதையில் 1990க்குத் தனி இடம் உண்டு. ஏப்ரலில் ஏன்ஷியன்ட் என்ற நிறுவனம் தொடங்கினார்கள். தாய் தோமோ நிர்வாகத்தில், தங்கை அயானோ ஓவியத்திலும் வடிவமைப்பிலும், யூசோ இசையில். குடும்ப நிறுவனம்தான், ஆனால் சும்மா பெயருக்கு அல்ல. சோனிக்கின் 8-பிட் பதிப்பை உருவாக்கியது ஏன்ஷியன்ட். ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் 2இன் உருவாக்கத்திலும் அதற்குப் பெரும்பங்கு உண்டு, அதில் அயானோவின் கைவண்ணம் ஏராளம். ஒப்பந்தம் பேச ஒரு நிறுவனம், உரிமையைத் தக்கவைக்க ஒரு முகவரி இருந்தது. திரையில் தெரிந்த அந்த உரிமை வரியின் பின்னணியில் இதுவும் இருக்கிறது.

அந்த ஆண்டு டிசம்பரில் வந்தது ஆக்ட்ரெய்ஸர். குவின்டெட் உருவாக்கி எனிக்ஸ் வெளியிட்டது, நின்டெண்டோவின் சூப்பர் ஃபாமிகாமுக்கு. அந்தக் கருவி சந்தைக்கு வந்து ஒரு மாதம் கூட ஆகாத நேரம். இங்கே எஃப்எம் கிடையாது, எல்லாமே பதிவுசெய்த மாதிரி ஒலிகள். எட்டு சேனல்கள், ஒலிக்கென்று மொத்தம் 64 கிலோபைட் நினைவகம். வயலின் கூட்டம், எக்காளம், மேளம், எதிரொலிக்கான இடம், இயக்குகிற நிரல் எல்லாமும் அதற்குள் அடங்க வேண்டும். ஆனால் ஆக்ட்ரெய்ஸரைக் கேட்டவர்கள் முழு ஆர்கெஸ்ட்ராவைக் கேட்டதாக உணர்ந்தார்கள். ஃபைனல் ஃபேன்டஸியின் இசையமைப்பாளர் நோபுவோ உயெமாட்சுவே அந்த ஒலியைக் கேட்டு அசந்துபோனதாகப் பின்னாளில் சொல்லியிருக்கிறார். எஃப்எம் வித்தைக்காரர் என்று அவரை ஒதுக்கிவைக்க முடியாதபடி, தாயிடமும் ஹிசாய்ஷியிடமும் கற்றது இங்கே வெளிப்பட்டது. எந்த வாத்தியம் எப்போது ஒதுங்கி இன்னொன்றுக்கு வழிவிட வேண்டும் என்று தெரிந்தவரால்தான் எட்டுக் குரலை எண்பதாகக் கேட்கவைக்க முடியும்.

மறுபக்கம் தோக்கியோவின் இரவு வாழ்க்கை அவரை இழுத்தது. நிஷி அசபு பகுதியில் யெல்லோ என்றொரு நடன கிளப் இருந்தது. ஹவுஸ், டெட்ராய்ட் டெக்னோ என்று அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் கொதித்துக்கொண்டிருந்த இசை அங்கே ஒலித்தது. கேம் இசையமைப்பாளர்கள் பெரும்பாலும் ராக், ஜாஸ் ஃப்யூஷன், செவ்வியல் வழியிலேயே போய்க்கொண்டிருந்த காலத்தில், கோஷிரோ கிளப்பில் கேட்டதை மெகா டிரைவுக்குள் கொண்டுவந்தார். 1991இன் முதல் ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் அதன் தொடக்கம், அடுத்த ஆண்டின் இரண்டாம் பாகம் அதன் உச்சம்.

இரண்டாம் பாகத்தின் முதல் கட்டத்தில் ஒலிக்கும் கோ ஸ்ட்ரெயிட் என்ற பாட்டை எடுத்துக்கொள்வோம். ஒய்எம்2612இல் ஆறு எஃப்எம் சேனல்கள். நடன இசைக்கு உயிர்நாடி டிரம். எஃப்எம்மில் செய்த டிரம் ஒலி கிளப்பில் நெஞ்சில் இடிப்பதுபோல் இடிக்காது. எனவே ஆறாவது சேனலை எஃப்எம்மிலிருந்து விடுவித்து, பதிவுசெய்த டிரம் ஒலிகளுக்குக் கொடுத்துவிட வேண்டும். அந்தச் சேனலில் ஒரு நேரத்தில் ஓர் ஒலிதான் ஓடும். மீதி ஐந்து எஃப்எம், மூன்று சதுர அலைகள், ஓர் இரைச்சல் சேனல். ஒரு சேனலுக்கு ஒரு சுரம் என்பதால் மூன்று சுரக் கூட்டொலி ஒன்று மூன்று சேனலை விழுங்கிவிடும். போதாக்குறைக்கு, ஆட்டக்காரர் குத்தும்போதெல்லாம் அந்தக் குத்தின் சத்தம் இசையிடமிருந்து ஒரு சேனலைப் பறித்துக்கொள்ளும்! பறிபோனாலும் பாட்டு ஆட்டம் காணக் கூடாது.

இன்னொரு சிக்கல் வடிகட்டி. கிளப் இசையில் மங்கலாகத் தொடங்கும் ஓர் ஒலி மெல்ல மெல்லத் திறந்து பளீரென்று வருமே, அது வழக்கமான சிந்தசைசரில் வடிகட்டியைத் திருகிச் செய்வது. எஃப்எம் சிப்பில் வடிகட்டியே இல்லை. ஆட்டுகிற அலையின் அளவைப் படிப்படியாகக் கூட்டினால் ஒலியின் பிரகாசம் கூடும். வடிகட்டி திறந்தது போன்ற ஓர் உணர்வு கிடைக்கும். கீபோர்டில் வாசித்துக் கொடுத்துவிட்டுப் போகிறவரால் இதைச் செய்ய முடியாது. பாட்டின் நடுவே அந்த 38 எண்களில் சரியான ஒன்றைச் சரியான நொடியில் மாற்றுமாறு வரிக்கு வரி எழுத வேண்டும். கோஷிரோ அதை பிசி-8801இல் உட்கார்ந்து தட்டச்சு செய்தார். மெகா டிரைவுக்கான இசையும் அந்தப் பழைய கணினியில்தான் உருவானது.

1994இல் மூன்றாம் பாகம். இதில் கோஷிரோவும் மோட்டோஹிரோ கவாஷிமாவும் ஒரு துணிச்சலான காரியம் செய்தார்கள். சுர வரிசைகளைத் தற்செயலாக உருவாக்கித் தரும் ஒரு தானியங்கி முறையை கோஷிரோ நிரலாக எழுதி, அதில் விளைந்ததை வைத்து இசை அமைத்தார். கடினமான, வேகமான, முரட்டு டெக்னோ. வந்த காலத்தில் பலருக்குப் பிடிக்கவில்லை, இரைச்சல் என்றார்கள். என் காதுக்கு அதில் சில பாட்டுகள் இன்றும் கேமோடு ஒட்டவில்லைதான். ஆனால் ஒரு கேம் கார்ட்ரிட்ஜுக்காக எழுதப்பட்ட இசையில் இவ்வளவு தூரம் போனவர் அன்று வேறு யாரும் இல்லை என்றே நினைக்கிறேன். அதே ஆண்டில் வந்த தி ஸ்டோரி ஆஃப் தோரில் அதே சிப்பில் ஆர்கெஸ்ட்ரா பாணியை முயன்றார் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். ஒரு கையில் அதிதீவிர டெக்னோ, மறு கையில் சிம்ஃபனி.

பிறகு குறுந்தகட்டுக் காலம் வந்தது. ஸ்டூடியோவில் பதிவுசெய்த எந்த இசையையும் அப்படியே கேமில் ஓட்டலாம். சிப்பை அடக்கி ஆளத் தெரிந்தவர் என்ற கோஷிரோவின் தனிப்பலம் ஒரே தள்ளில் அவசியமற்றுப் போனது. அவர் சும்மா இருக்கவில்லை. 1999இன் ஷென்மூவில் இசையமைப்பாளர்களில் ஒருவராகப் பங்களித்தார். 2004 முதல் வான்கன் மிட்நைட் மேக்சிமம் ட்யூன் கார்ப்பந்தய ஆர்கேட் தொடருக்கு டிரான்ஸ் இசை எழுதினார். ஆசிய நாடுகளின் ஆர்கேட்களில் நேரம் கழித்தவர்களுக்கு அந்த இசை நன்றாகவே தெரியும். ஆனால் 1990களின் தொடக்கத்தில் இருந்த அந்த அதிர்ச்சி மதிப்பு இல்லை. திறமை குறைந்ததால் அல்ல, அவரை மற்றவர்களிடமிருந்து பிரித்துக் காட்டிய தடை நீங்கிவிட்டது.

2007இல் அட்லஸ் நிறுவனம் நின்டெண்டோ டிஎஸ் கருவிக்கு எட்ரியன் ஒடிஸியை வெளியிட்டது. நிலவறைக்குள் நடந்து, தொடுதிரையில் தானே வரைபடம் வரைந்து முன்னேற வேண்டிய கேம். 1980களின் கணினி ஆர்பிஜிக்களை, அதாவது ஒரு கதைப்பாத்திரமாகவே மாறி ஆடும் கேம்களை, மனதில் வைத்து உருவானது. கோஷிரோ பிசி-8801ஐ மறுபடி எடுத்து வைத்து எஃப்எம்மிலேயே அதற்கு இசை எழுதினார். மூன்றாம் பாகம் வரை இந்த ஒலி தொடர்ந்தது, 2012இன் நான்காம் பாகத்தில்தான் உண்மையான வாத்தியங்களுக்கு மாறியது. அந்த முதல் மூன்று பாகங்களை அவருடைய முதிர்ந்த படைப்பு என்று நான் வைப்பேன். ஃபால்காம் நாட்களின் ஓட்டம் தணிந்து, காட்டுக்குள் தனியே நடக்கிறவனின் நிதானம் வந்திருக்கிறது. எண்களைப் பிடித்து ஆட்டும் கை மட்டும் அதே கை.

கேம் உலகத்துக்கு வெளியே அவர் பெயர் பரவியது இன்னும் தாமதமாக. ஜப்பானிய கேம் இசையின் தொடக்க காலத்தைப் பற்றி ரெட் புல் மியூசிக் அகாடமி 2014இல் வெளியிட்ட டிக்கின் இன் தி கார்ட்ஸ் ஆவணத் தொடரில், இன்றைய மின்னிசைக் கலைஞர்கள் பலர் சிறுவயதில் டிவிக்கு முன்னால் உட்கார்ந்து கேட்ட இந்த ஒலிகளைப் பற்றி உருகிப் பேசினார்கள். அவர்களுக்கு டெக்னோவும் ஹவுஸும் முதலில் அறிமுகமானது கிளப்பில் அல்ல, மெகா டிரைவில். 2015இல் டேட்டா டிஸ்க்ஸ் என்ற பிரிட்டன் நிறுவனம் ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் இசையை வினைல் தட்டாக வெளியிட்டது. 2017இல் லண்டனின் ஃபேப்ரிக் கிளப்பில் கோஷிரோவும் கவாஷிமாவும் மேடையேறினார்கள். யெல்லோவில் கேட்டதைச் சிப்புக்குள் எழுதியவர், சிப்புக்குள் எழுதியதைக் கிளப்பில் வாசித்தார்.

2020இன் ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் 4இல் முதன்மை இசையமைப்பாளர் பிரான்சின் ஒலிவியே தெரிவியேர். கோஷிரோ சில பாட்டுகளுக்கு மட்டும் வந்தார். முகாம்88 கருவியை இன்றைய கணினிகளில் ஓடும்படி பொதுப் பயன்பாட்டுக்குத் திறந்துவிட்டார்கள், புதிய தலைமுறை அதில் பாட்டெழுதுகிறது. 2025இல் வெளிவந்த, ஏன்ஷியன்ட் உருவாக்கிய ஏர்த்தியன் என்ற விண்வெளிச் சுடுகேம், மெகா டிரைவின் வன்பொருள் எல்லைக்குள் நின்றே உருவாக்கப்பட்டது. இசை மட்டுமல்ல, இயக்கமும் கோஷிரோ.

புதிதாகக் கேட்க விரும்புகிறவர்களுக்கு ஒரு யோசனை. காலவரிசைப்படி போக வேண்டாம். ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் 2ஐ முதலில் கேளுங்கள், ஹெட்போனில், பேஸை மட்டும் பின்தொடர்ந்து. அடுத்து ஆக்ட்ரெய்ஸரின் முதல் கட்டமான ஃபில்மோர். ஈஸை அதற்குப் பிறகு எடுத்தால், இரண்டும் எங்கிருந்து புறப்பட்டன என்பது காதுக்கே தெரியும். ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் மூன்றாம் பாகத்தின் முரட்டு டெக்னோவைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள், அதற்குக் காது தயாராக வேண்டும்.